பச்சை யானை

பல் செட் கட்டும் லேபில் எனக்குப் பதினெட்டு வருட வேலை. ஒரு பல்லின் நிறம் பக்கத்துப் பல்லோடு இம்மி பிசகினாலும் கண்டுபிடித்துவிடுவேன். அப்படிப்பட்ட நான்தான் கோட்டை விட்டேன்.

மூளைக்காய்ச்சலில் பிழைத்தெழுந்த அண்ணனுக்கு நான் யாரென்று தெரியவில்லை. ஏழு மாதமாக என்னை "நர்சம்மா" என்கிறான். சண்டைக்கு இழுத்துப் பார்த்தேன், அழுதும் பார்த்தேன். "பழசு ஏதாவது காட்டிப் பாருங்க. ஆனா நம்பிக்கை குடுக்க மாட்டேன்," என்றார் டாக்டர். போட்டோக்களைக் காட்டினேன். மரியாதையாகப் பார்த்துவிட்டு, அடுக்கித் திருப்பிக் கொடுத்தான். என்னிடம் மரியாதை! அதைத்தான் தாங்க முடியவில்லை.

லேபுக்குக் கீழே பொம்மைக்கடை. எங்கள் காலத்துக் கார்ட்டூன் ஆட்களைக் கட்டைவிரல் உயரத்துக்குச் சுருக்கி விற்கிறார்கள். வரிசையில் நிற்பதெல்லாம் நரைத்த தலைகள். வேலை வெட்டி இல்லாத கூட்டம் என்று தினமும் வாய்க்குள் திட்டிக்கொண்டே படியேறுவேன். ஒருநாள் கண்ணாடிக்குப் பின்னால் தும்மல் யானை நின்றது. படியேற மறந்துபோனேன்.

அந்த யானை தும்மினால் ஊரே பறக்கும். பள்ளி விட்டு வந்ததும் அண்ணனும் நானும் டிவி முன்னால் உட்காருவோம். அது "ஹ... ஹ..." என்று இழுக்கும்போதே அண்ணனும் இழுப்பான். நான் பறந்துபோகாமல் அவன் சட்டை நுனியைப் பிடித்துக்கொள்ள வேண்டும். எவ்வளவு பெரிய யானை! இப்போது என் உள்ளங்கையில் நிற்கிறது, தும்பிக்கைச் சுருக்கம்கூடக் குறையாமல். கடையிலேயே மூக்கை உறிஞ்சினேன். வரிசையில் நின்ற ஒருவர் கைக்குட்டையை நீட்டினார். இனி அந்தக் கூட்டத்தைத் திட்டவும் வழியில்லை.

வாங்கிக்கொண்டு ஆஸ்பத்திரிக்குப் போனேன். அண்ணன் யானையைத் திருப்பித் திருப்பிப் பார்த்தான். "நல்லா இருக்கு நர்சம்மா," என்று என்னிடமே கொடுத்துவிட்டான்.

பஸ்ஸில் திரும்பும்போதுதான் உறைத்தது. பொம்மை யானை நீலம். எங்கள் வீட்டு டிவியோ கோளாறானது. அதில் ஆப்பிளும் பச்சை, செய்தி வாசிப்பவரும் பச்சை. "படம் தெரியுதுல்ல, அப்புறம் என்ன?" என்று அப்பா கடைசிவரை அதை ரிப்பேருக்குக் கொடுக்கவில்லை. எங்கள் யானை பச்சை யானை. நிறம் பார்த்தே பிழைக்கிற எனக்கு இது தோன்றவில்லையே, என் புத்தியைச் செருப்பால்தான் அடிக்க வேண்டும்.

மறுநாள் சாப்பாட்டு இடைவேளையில், பல்லுக்குச் சாயம் தீட்டும் மெல்லிய பிரஷால் பச்சை நகப்பூச்சைப் பூசினேன். மூன்று முறை. யானையின் கண்ணில் மட்டும் படாமல் பார்த்துக்கொண்டேன். பூச்சு மூடியைத் திறந்து வைத்து லேபே நாறுகிறதென்று மேஸ்திரி கத்தினார், கத்தட்டும்.

சாயங்காலம் அண்ணன் கையில் வைத்தேன். அவன் விரல்கள் இறுகின. முகம் மேலே போயிற்று.

"ஹ..." என்றான். "ஹ... ஹ..."

பாய்ந்து அவன் சட்டை நுனியைப் பிடித்துக்கொண்டேன். நாற்பத்து மூன்று வயதில், செருப்புகூடக் கழற்றாமல், அவன் கட்டிலோரம் முட்டி போட்டு.

அவன் தும்மவில்லை. குனிந்து என் கையைப் பார்த்தான். பிறகு ஒவ்வொரு விரலாக, நோகாமல் பிரித்து எடுத்துவிட்டான்.

"தப்பா நெனைச்சுக்காதீங்க நர்சம்மா. அது என் தங்கச்சி பிடிக்கிற இடம்."

"எங்கே உங்க தங்கச்சி?"

"ஸ்கூல் விட்டு இப்ப வந்துடுவா. இதைப் பார்த்தா குதிப்பா."

யானையை வாசல் பார்க்க நிறுத்திவிட்டு, கதவையே பார்த்துக்கொண்டு உட்கார்ந்தான். நானும் கதவைப் பார்த்தேன்.