நடு பருத்த தூண்

லூபோக் சீனா என்னும் எங்கள் ஊர் மாரியம்மன் கோயில் முன்மண்டபத்துக்கு, சிமெண்டில் வார்த்த நான்கு தூண்களைக் கட்டடக் குத்தகைக்காரன் திவாகர் லாரியில் கொண்டுவந்து இறக்கினான். கிரேக்க நாட்டுக்காரர்களிடம் மூன்று தினுசு தூண் உண்டாம். இது பூவேலை இல்லாத மொட்டைத் தினுசு. எந்தக் குத்தகைக்காரனையும் நான் நம்புவதில்லை. தூண் நெடுகக் கயிறு பிடித்துப் பார்த்தேன். நடுவில் பருத்திருந்தது.

“அச்சு கோணிப்போச்சு. திருப்பி ஏத்துடா.”

“வேணும்னே அப்படி செஞ்சதுதான்லா, தாத்தா. ஒரு தூண நிறுத்துறேன், ரோட்டுல நின்னு பாருங்க. புடிக்கலன்னா தூக்கிட்டுப் போயிடுறேன்.”

அவன் தூக்கிக்கொண்டு போனால் திருவிழாவுக்கு மண்டபம் இல்லை. அம்மன் வெயிலில்தான் நிற்க வேண்டும். இருந்தாலும் கோணல் தூணை நான் விடமாட்டேன்.

ரோட்டில் நின்று பார்த்தேன். பக்கத்தில் கோயில் வாசலில் ஏற்கெனவே இருந்த பழைய நேர்த்தூண்தான் இடுப்பு ஒடுங்கித் தெரிந்தது. புதியது, எண்ணெய் எடுக்கும் செம்பனைக் குலையைத் தூக்கியவன் மூச்சுப் பிடித்து நிற்பதுபோல் நின்றது. சிமெண்டுக்குள் உயிர் இருந்தது.

“யாருடா கண்டுபிடிச்சது?”

“ரெண்டாயிரம் வருசத்துக்கும் முந்தின அந்தக் கிரேக்க ஆளுங்க, தாத்தா.”

என் மனைவி முனியாயியைக் கூப்பிட்டு, தூணுக்குப் பூச மஞ்சள் கரைக்கச் சொன்னேன்.