தவசியின் ஹாரன்

சுருளிப்பட்டிக்குள் விடியுமுன்னே ஜீப்புகள் வந்துவிடும். கூலிப் பெண்களை ஏற்றிக்கொண்டு கம்பம்மெட்டு ஏறி, கேரளத்து ஏலத்தோட்டங்களுக்குப் போகிற வண்டிகள். வாசல் வாசலாகப் பெயர் சொல்லிக் கூப்பிட எந்த டிரைவருக்கு நேரமிருக்கிறது? ஆளுக்கொரு ஹாரன் தாளம் வைத்திருந்தார்கள். தவசியுடையது இரண்டு இழுப்பு, மூன்று வெட்டு, கொஞ்சம் பொறுத்து ஒரு குட்டை. அது கேட்டால் பஞ்சம்மாள் தூக்குவாளியோடு தெருவுக்கு ஓடுவாள்.

அந்தச் சத்தத்தில் கண்விழித்தே வளர்ந்தவள் அவள் மகள் அனுசுயா. பழனிசெட்டிபட்டியில் ஒரு மாடியறையில் நான்கு பேராக ஃபங்க் பேண்ட் நடத்துகிறார்கள். இவள் பேஸ் கிட்டார். ஃபங்க் என்றால் என்ன என்று துருவும் சொந்தக்காரர்களிடம், காலைச் சும்மா இருக்க விடாத பாட்டு என்று சொல்லிவைத்திருந்தாள். ஒருநாள் விளையாட்டாகத் தவசியின் ஹாரனைத் தடித்த கம்பியில் தட்டினாள். டிரம்ஸ் வாசிக்கும் மகிழன் பின்னாலேயே பிடித்துக்கொண்டான். ‘மலைவண்டி’ பிறந்துவிட்டது.

அப்புறம் பள்ளத்தாக்கில் அந்தப் பாட்டு இல்லாமல் காது குத்தக்கூட ஆளில்லை. மண்டபத்தில் மாப்பிள்ளை ஆடினார், முளைப்பாரி ஊர்வலத்தில் பெண்கள் ஆடினார்கள், வயசாளி செத்த வீட்டிலும் ஆடினார்கள். போனில் ஆடி அனுப்பியவர்களுக்குக் கணக்கே இல்லை. அனுசுயாவுக்குக் கால் தரையில் பாவவில்லை. அம்மா மட்டும் பாட்டைப் பற்றி வாயே திறக்கவில்லை. அது மகளுக்கு வருத்தமாகத்தான் இருந்தது.

ஜீப் டிரைவர்கள் மட்டும் இளைத்தவர்களா? எல்லா ஜீப்பும் ‘மலைவண்டி’ தாளத்திலேயே அலறத் தொடங்கியது. ஒரு விடியலில் பஞ்சம்மாள் இருட்டுக்குள் ஓடிப்போய் ஏறி, செக்போஸ்ட் வெளிச்சத்தில் பார்த்தால் சுற்றிலும் வேற்று முகங்கள். அந்தத் தோட்டத்தில் அவளுக்கு வேலையில்லை. வெறுங்கையோடு இறங்கி வந்தாள். மற்றப் பெண்களோ எந்த ஹாரனையும் நம்பாமல் வாசலிலேயே நின்றார்கள். ஆள் குறைந்தால் வேறு ஜீப் பார்த்துக்கொள்வதாகத் தோட்டத்துக் கங்காணி தவசியிடம் சொல்லிவிட்டார்.

தவசி பஞ்சம்மாள் வீட்டுக்கு வந்தார். சண்டைக்கு வரவில்லை.

“ஒம் பாட்டு நல்லாத்தே இருக்கு ஆத்தா. நானுந்தே ஆடுனே. ஆனா இப்ப நா அடிச்சா நாந்தேன்னு யாருக்கும் தெரியல.”

அனுசுயாவுக்கு முகத்தை எங்கே வைப்பதென்று தெரியவில்லை. கேட்டு எடுத்திருந்தாலாவது பரவாயில்லை. கேட்கவேண்டும் என்றே தோன்றவில்லை. வேறு தாளம் போட்டுத் தருகிறேன் மாமா என்றாள்.

மத்தியானம் முழுக்க அவர் ஜீப்பில் உட்கார்ந்து ஹாரனோடு மல்லுக்கட்டினாள். ஒரே சுரம்; நீட்டலாம், வெட்டலாம், சும்மா இருக்கலாம், அவ்வளவுதான். கடைசியில் அடி விழும் என்று காது காத்திருக்கும் இடத்தில் சும்மா விட்டு, காது ஏமாந்த பிறகு அடித்தாள். தவசிக்குத் தோள் தானாக ஆடியது. இதுவரை தன் கையில் வந்ததிலேயே நல்லது இதுதான் என்று இவளுக்குத் தெரிந்துபோயிற்று. சாயங்காலம் தவசி வீடு வீடாகப் போய்ப் பெண்களிடம் புதுத் தாளத்தைக் கையால் தட்டிக்காட்டினார்.

மறுநாள் விடியலில் அது தெருவில் கேட்டது. கதவுகள் திறந்தன. பஞ்சம்மாள் தயங்காமல் போய் ஏறி உட்கார்ந்தாள். பிறகு வாசலில் நின்ற மகளைப் பார்த்தாள்.

“இது ரொம்ப நல்லாருக்குடி,” என்றாள். “பாட்டாக்கிறாத.”

ஜீப் மலைப்பக்கம் திரும்பிப் போயிற்று.

அன்று மாடியறையில் எல்லாரும் அடுத்த பாட்டைப் பற்றியே பேசினார்கள். கேட்கிறவர்களுக்குப் பதில் சொல்லி மாளவில்லை என்று மகிழன் புலம்பினான். ஏதோ தாளம் கிடைத்திருக்கிறது என்று நேற்று போனில் குதித்தாயே, அதைத் தட்டு என்றான்.

“மறந்துருச்சு,” என்றாள் அனுசுயா.

அவளுடைய வலது கால் தானாகத் தட்ட ஆரம்பித்திருந்தது. இடது காலை அதன்மேல் வைத்து அழுத்திக்கொண்டாள்.