இரண்டாவது சாட்சி

மருத்துவமனையில் இலவச வைத்தியம் வேண்டுமென்றால், குண்டு விழுந்த அன்று நாகசாகியில் நம்மைப் பார்த்ததாக இரண்டு பேர் சாட்சி சொல்ல வேண்டும். சொந்தக்காரர்கள் கூடாது. என்ன சட்டமோ! பார்த்தவர்களில் பாதிப் பேர் அன்றே சாம்பல். கினுயோ அலையாய் அலைந்து ஒருவரைப் பிடித்துவிட்டாள். மிச்சம் தொயோகோ ஒருத்திதான்.

ஆயுதத் தொழிற்சாலையில் இருவருக்கும் அடுத்தடுத்த மேசை. இடிந்த சுவருக்கடியில் கிடந்த தொயோகோவை இழுத்தெடுத்து ஆற்றங்கரை வரை முதுகில் சுமந்தவள் கினுயோ. இப்போது கினுயோவின் ரத்தம் சுண்டிக்கொண்டு வருகிறது. சோறு மென்றாலே ஈறு கசிகிறது. கல்யாணமாகிக் குமமோத்தோவில் இருக்கும் தோழியைத் தேடி ரயிலேறினாள்.

போன நேரம் சரியில்லை. தொயோகோவின் மகளுக்கு அன்று நிச்சயதார்த்தம். உலர்ந்த மீனும் கடற்பாசியுமாய் வரிசைத் தட்டுகள், நடுவில் விறைப்பாய்ச் சம்பந்தியம்மாள். கதவு திறந்த சந்தோஷத்தில் கினுயோ யாரையும் கவனிக்கவில்லை.

"தொயோகோ! நான்தான்டி, கினுயோ. நாகசாகியில..."

"வீடு மாறி வந்துட்டீங்க போலிருக்கு," என்று தொயோகோ சிரித்தாள். "நான் அந்த ஊரையே பார்த்ததில்லைங்க. போர் முடியிற வரைக்கும் இங்க சித்தி வீட்டுலதான் இருந்தேன்."

சம்பந்தியம்மாள் கோப்பையைக் கீழே வைத்தாள். "நாகசாகியா? அந்தக் குண்டு பட்டவங்களா?"

குண்டு பட்டவள் பெற்ற பெண்ணை எந்த வீட்டில் எடுப்பார்கள்? கினுயோவுக்கு அது தெரியாதா! அவளையே பெண் பார்த்தவர்கள், ஊர்ப் பெயரைக் கேட்டதும் எழுந்து போயிருக்கிறார்கள். தேநீர்த் தட்டோடு நின்ற மகள் தொயோகோவைத் திரும்பிப் பார்த்தாள்.

"ஆமாங்க, நான்தான் குண்டு பட்டவ. இவங்க முகம் எனக்குத் தெரிஞ்சவங்க மாதிரியே இருந்துச்சு. மன்னிச்சுக்குங்க," என்று குனிந்து வணங்கிவிட்டுக் கினுயோ வெளியேறினாள்.

வாசலில் செருப்பை மாட்ட வேண்டுமென்றே நேரம் எடுத்தாள். பின்னாலேயே வந்து, 'நாளைக்கு ரகசியமா வந்து சொல்றேன்டி' என்று ஒரு வார்த்தை சொல்ல மாட்டாளா?

தொயோகோ வந்தாள். கை நிறைய உப்போடு வந்தாள். சாவு வீட்டுக்குப் போய்வந்தால் தீட்டுக் கழியத் தூவுகிற உப்பு. உள்ளிருந்து சம்பந்தியம்மாள் பார்த்துக்கொண்டிருக்க, கினுயோ நின்ற இடத்தில் அதை வீசினாள்.

கினுயோ கத்தி ஊரைக் கூட்டியிருக்கலாம். அந்தப் பெண்ணுக்காகக் குரலைத் தாழ்த்தித்தான் சொன்னாள்:

"உன் மேலயும் கொஞ்சம் போட்டுக்கடி. நீயும் அங்கதான இருந்த."