நாற்பத்தெட்டாவது துணுக்கு

அன்றைக்கு அனஸின் கால் தரையில் பாவவில்லை. கருவடிக்குப்பத்துச் சாலையோரக் குழியருகே, தார்ப்பாய் நிழலில் உட்கார்ந்திருந்தது அவன் உடம்பு மட்டும்தான். மனசு ஆஸ்பத்திரி வாசலில் போய் நின்றுகொண்டிருந்தது.

பிள்ளை பிறந்து முப்பத்திரண்டு நாள். குறைமாதம். கனீஸ் பாத்திமா என்று பெயரை மட்டும் வாய் நிறைய வைத்தார்கள். பிறந்தபோது ஆள் ஒண்ணேகால் கிலோதான். இன்குபேட்டருக்கு வெளியே நின்று பார்த்ததோடு சரி, பெற்றவன் ஒரு தரம்கூடத் தொட்டதில்லை. இன்று சாயங்காலம் வீட்டுக்கு வருகிறாள். இந்த நிலைமையில் ஒருத்தனிடம் முடியளவு மெல்லிய கண்ணாடி இழைகளைக் கொடுத்து ஜாயிண்ட் போடச் சொன்னால் என்ன ஆகும், நீங்களே சொல்லுங்கள்!

இன்டர்நெட் கேபிளுக்குள் இருபத்துநாலு இழை. நீலம், ஆரஞ்சு, பச்சை என்று ஒவ்வொன்றாக உரித்து, துடைத்து, முனை வெட்டி, மெஷினுக்குள் வைத்தான். குட்டித் திரையில் இரண்டு முனைகளும் மெல்ல நெருங்கின, ஒரு பொறி மின்னியது, ஒன்றாகிவிட்டன. அவனுக்கு எல்லாமே மகளின் விரல்களாகத் தெரிந்தன. ஆரஞ்சு விரலுக்கு மோதிரம் போடலாமா என்றுகூட யோசித்தான், பைத்தியக்காரன். வெயில் இறங்கியதும் தெரியவில்லை.

கூட வேலை செய்யும் இராமதாஸ் டெஸ்டிங் மெஷின் திரையில் ஓடிய கோட்டைப் பார்த்துவிட்டு, “ஜாயிண்ட் எடத்துல கோடு குதிக்கவே இல்லப்பா. கெளம்பு, கெளம்பு” என்றார்.

கிளம்புவதற்கு முன்னால், வெட்டிப்போட்ட கண்ணாடித் துணுக்குகளை எண்ண வேண்டும். ஒவ்வொரு ஜாயிண்டுக்கும் இரண்டு முனை வெட்டுவதால் நாற்பத்தெட்டு. வெட்டியவுடனே கறுப்பு டேப்பில் ஒட்டிவிடுவது இந்தத் தொழிலின் கட்டுப்பாடு. தப்பியது சதையில் ஏறினால் ஊசி வைத்துத் தோண்டினாலும் லேசில் அகப்படாது.

எண்ணினான். நாற்பத்தேழு. மறுபடியும் எண்ணினான். நாற்பத்தேழேதான்.

“காத்துல பறந்திருக்கும். வுடுப்பா, பிள்ள வருதில்ல வூட்டுக்கு?”

“அதுக்குத்தாண்ணே தேடுறேன்.”

டார்ச் அடித்துத் தார்ப்பாயைத் துழாவினார்கள். சட்டை மடிப்பு, பேன்ட் மடிப்பு, செருப்பு, எங்கும் இல்லை. கனவு கண்டுகொண்டே வேலை செய்தது யார் குற்றம்? வெங்காயச் சருகு மாதிரித் தோல் அந்தப் பிள்ளைக்கு. அந்தத் தோலில் தன் உடம்பிலிருந்து ஒன்று ஏறிவிட்டால்?

உடுப்பை அவிழ்த்துப் பையில் கட்டினான். தெருக்குழாயில் தலையோடு குளித்து, இராமதாஸின் மாற்று லுங்கியையும் சட்டையையும் மாட்டிக்கொண்டான். ஆனாலும் தலைமுடிக்குள் கை விட்டபோது சந்தேகம் போகவில்லை. நேரே சாமிக்கண்ணுவின் சலூனுக்கு நடந்தான்.

“மொட்டையா? என்னா பாய், வேண்டுதலா?”

“அப்பிடித்தான். மீசையயும் எடுத்துடுங்க.”

முல்லா வீதி வீட்டுக்கு அவன் போய்ச் சேர்ந்தபோது மனைவி இஃப்ஃபத் வந்துவிட்டிருந்தாள். மடியில் துணிச்சுருள். வாசலில் நின்ற உருவத்தைப் பார்த்து, “யாருங்க?” என்று கேட்டவள், அப்புறம் வாயைப் பொத்திக்கொண்டாள். “அல்லா! மொட்ட பிள்ளைக்கில்ல அடிப்பாங்க?”

அவன் உள்ளே வரவில்லை. நின்ற இடத்திலிருந்தே எல்லாவற்றையும் சொன்னான்.

“இன்னிக்கி வாணாம் இஃப்ஃபத். நாளைக்கித் தூக்கிக்கிறேன். பயமா இருக்கு.”

அவள் பிள்ளையைப் பாயில் கிடத்திவிட்டு எழுந்து வந்தாள். அவன் கைகளை விளக்குக்கு நேரே பிடித்து, விரல் விரலாகத் தடவிப் பார்த்தாள். மொட்டைத் தலையையும் விடவில்லை.

“ஒரு மாசமா ஆஸ்பத்திரில எத்தினியோ டாக்டரு, நர்ஸு கையில குடுத்தேன். ஒருத்தராச்சும் இப்பிடிப் பயந்தாங்களா?” என்றாள். “உக்காருங்க.”

உட்கார்ந்தான். பிள்ளையை எடுத்து அவன் கைகளில் வைத்தாள்.