எட்டு செகண்டு டிரம்மும் ஒரு நடுவரும்

1

இந்தக் கதை நான் செய்த ஒரு அசட்டுத்தனத்திலிருந்து பிறந்தது. அதைக் கலை அனுபவமாக மாற்றி எழுத மூன்று நாள் முயன்றேன். முதல் ஆரம்பம் இது: ‘பம்பாய்த் தமிழ் இளைஞர்களுக்கு ராக் இசையை அறிமுகப்படுத்திய முன்னோடி என்ற முறையில்...’

(அடித்துவிட்டேன். மாட்டுங்கா வீட்டில் என்னிடம் இருந்தது ஒரே ஒரு ராக் ரெக்கார்டு. அதுவும் மைத்துனன் மறந்துவிட்டுப் போனது.)

2

1985. நான் அனந்தநாராயணன், இன்சூரன்ஸ் ஆபீஸ் கிளார்க். எங்கள் ஆபீசுக்குத் தோல்பை கொண்டுவரும் ஜமாலுக்குத் தாராவியில் பட்டறை, ஆட்டத்தில் பைத்தியம். அவன் கேட்டதால் அந்த ரெக்கார்டைக் கேசட்டில் பதிந்து கொடுத்தேன். பாட்டின் பெயரை எழுதப்போவதில்லை. விவரம் தெரிந்த யாராவது என்னைத் திருத்திவிடுவார்கள். நடுவில் கிடாரும் குரலும் நின்று, எட்டு செகண்டு டிரம் மட்டும் தனியாக அடிக்கும். நான் காபிக்கு எழுந்துபோகும் இடம் அது.

பட்டறையில் பை தைக்கும் அவன் தங்கை சாயிரா அந்த எட்டு செகண்டைத்தான் பிடித்துக்கொண்டாள். இரண்டு டேப் ரிக்கார்டரை ஒயரால் இணைத்து, பட்டனை அழுத்தி அழுத்தி, முப்பது தடவை ஒட்டி, நாலு நிமிஷமாக்கினாள்.

(இங்கே ‘அவள் கண்களில் ஒரு தீ’ என்று ஒரு வரி இருந்தது. அவள் கண்ணை நான் பார்க்கவே இல்லை. பட்டறைக்குப் போயிருந்த அன்று நான் கவனித்தது, எனக்கு இன்னும் டீ வரவில்லை என்பதை.)

3

செம்பூரில் ஒரு நடனப் போட்டி. எனக்கு ஆங்கிலப் பாட்டு தெரியும் என்று நானே பரப்பிய வதந்தியால் நடுவர்களில் ஒருவனானேன். ஜெயிக்கிறவனுக்கு ஊர் ஊராகப் போகும் ஒரு கச்சேரிக் குழுவில் இடம்.

சாயிராவின் டேப்புக்கு ஜமால் பிரேக் டான்ஸ் ஆடினான். முதுகில் சுழன்றான். ஒற்றைக் கையில் தலைகீழாக நின்றபோது கூட்டமே எழுந்து நின்றது. [முதல் பிரதியில் நானும் எழுந்தேன். உண்மையில் உட்கார்ந்துதான் இருந்தேன்.]

பிறகு மைக்கை வாங்கினேன்.

“இது பாட்டே இல்லை. டேப் மாட்டிண்டு திரும்பத் திரும்ப அடிக்கறது. முழுப் பாட்டுக்கு ஆடினாத்தான் மார்க்.”

மேடை ஓரத்திலிருந்து சாயிரா சொன்னாள்: “டேப்பு மாட்டல சார். நாந்தான் அப்படிப் பண்ணுனேன்.”

“ஓ, பாட்டைக் கொன்னது நீதானா?”

கூட்டம் சிரித்தது. மற்ற இரண்டு நடுவர்களும் என் பக்கம் சாய்ந்தார்கள். மறு மாதம் ஜமால் சவூதியில் தம்மாமுக்குத் தையல்காரனாகப் போனான்.

4

போன வாரம், 1989-இல், கிங்ஸ் சர்க்கிள் நடைபாதைக் கேசட் கடையில் ஓடிய ஒரு கேசட்டில் ஓர் அமெரிக்கன் பாடாமல் படபடவென்று பேசிக்கொண்டிருந்தான். அவன் பேச்சுக்கு அடியில் அதே டிரம். அதே எட்டு செகண்டு, வெட்டி, ஒட்டி, திரும்பத் திரும்ப.

“இந்த அடி இன்னும் பத்து கேசட்டுல இருக்கு சார்,” என்றார் கடைக்காரர். “ஆடுறவனுக்கும் இதான், பேசுறவனுக்கும் இதான்.”

(சாயிராவிடமிருந்து அமெரிக்காக்காரன் திருடினான் என்று ஒரு முடிவு யோசித்தேன். நியூயார்க்கில் அவளுக்கு முன்பே இப்படி வெட்டி ஒட்டினார்கள் என்று சொல்லி, கடைக்காரர் அதைக் கெடுத்தார். ஆக, உலகத்தில் அது பாட்டில்லை என்று நினைத்தவன் நான் ஒருவன்தான் போலிருக்கிறது.)

5

கேசட்டோடு தாராவிக்குப் போனேன். பட்டறையை இப்போது சாயிராதான் நடத்துகிறாள். தையல் மெஷினை நிறுத்தாமலே கேசட்டைக் கேட்டாள்.

“மூணாவது சுத்துல லேசா பிந்துது. நான் இன்னும் சரியா வெட்டியிருப்பேன்.”

“அன்னிக்கு நான் தப்புப் பண்ணிட்டேன்மா. கதையா எழுதறேன்.”

“எழுதுங்க. எங்க ஜமால் காக்கா ஆடுனத நல்லா எழுதுங்க. இப்ப அவுக ஆடுறதே இல்லையாம்.” (அண்ணனை அவள் காக்கா என்பாள்.) மெஷின் நின்றது. “என்னை மட்டும் அழ வச்சிராதீங்க சார். அன்னிக்கு நான் அழல.”

“பின்னே?”

அவள் அடுத்த பையை எடுத்தாள்.

அவள் அழுவதாக நான் ஏற்கெனவே இரண்டு பக்கம் எழுதி வைத்திருந்தேன். என் வாழ்நாளில் எழுதிய மிக நல்ல உரைநடை. கிழித்துவிட்டேன். அன்று போட்டி முடிந்து, இரண்டு டேப் ரிக்கார்டரையும் தூக்கிக்கொண்டு செம்பூர் ஸ்டேஷன் வரை அவள் நடந்துபோன அந்த நேரத்துக்கு என்னிடம் இப்போது வார்த்தை இல்லை. நீங்கள் எழுதிக்கொள்ளுங்கள். கண்ணீர் மட்டும் வேண்டாம்.