தேங்காத் தொட்டியில் கம்மங்கூழ்

கறண்ட் இல்லாத கல்யாணத்துக்கு என்ன சமைக்கறதுன்னு கேக்கறதுக்கு என்னையக் கூப்புட்டு உட்டாங்க. எனக்குச் சிரிப்புத்தான் வந்துச்சுங்க. எங்க காலனிக்குக் கறண்ட் வந்ததே நான் பத்தாவது பெயிலான வருசம். அதுக்கு முன்னால எங்களுக்கு நடந்ததெல்லாம் கறண்ட் இல்லாத கல்யாணந்தான். ஆரும் அதுக்குப் பேரு வெச்சுக் கொண்டாடல.

நான் தனபால். கேரளா பார்டர்ல, வேலந்தாவளத்துல சமையல் காண்ட்ராக்ட் எடுக்கறவன். சித்தூர் மண்டபத்துல என்ற சாம்பார மூணு தடவ கேட்டு வாங்கித் திங்கறவங்க, என்ற ஊட்டுக்கு வந்தா ஒரு வாய் தண்ணி குடிக்க மாட்டாங்க. அதையெல்லாம் நெனச்சுட்டு இருந்தா பொழைக்க முடியாதுங்க.

கல்யாணம் வடகரப்பதியில, தோட்டத்து மொதலாளி ரத்தினசாமிப் பண்ணாடியோட தென்னந்தோப்புல. அவரு மக தமிழ்ப்ரியாவுக்குப் பெங்களூர்ல வேலை. மைக்கு, லைட்டு, மிக்சி, கிரைண்டர், பிரிட்ஜு ஒண்ணும் கூடாதுன்னுருச்சு. விறகடுப்பு, மண்சட்டி, வாழையெல. 'தாத்தா காலத்துக் கல்யாணம்'னு பத்திரிகையிலயே அடிச்சிருந்தாங்க. அந்தத் தாத்தா காலத்துல என்ற ஆத்தா காளியாத்தா அதே தோட்டத்துல சாணி வழிச்சுட்டு இருந்தா.

தமிழ்ப்ரியா அம்மிணி நல்ல புள்ளைங்க, பொய் சொல்லக் கூடாது. "அண்ணா, காளியாத்தாப் பாட்டி மொதப் பந்தியில உக்காரோணும்"னு அதுவே சொல்லுச்சு. எங்க ஊட்டு வாசலுக்கே வந்து கூப்புட்டுட்டும் போச்சு. முப்பது வருசம் அங்க பாடுபட்டவ, ஒரு நாளும் அங்க எல முன்னால உக்காந்ததில்ல. இந்தக் கல்யாணத்துல எனக்கு வேண்டியது அது ஒண்ணுதான். என்ற ஆத்தா அந்தத் தோப்புல நாலு பேரோட சமமா உக்காந்து திங்கறத நான் கண்ணால பாக்கோணும்.

தோப்புல உக்காந்து மெனுப் பேசுனோம். அம்மிணி எனக்கு ஒரு சேர் எடுத்துப் போட்டுச்சு. பண்ணாடி அந்தச் சேரையே பாத்துட்டு இருந்தாரு.

அம்மிணி இட்லி கேட்டுச்சு. "ஐநூறு பேருக்குக் கையில மாவாட்ட எட்டுப் பொம்பளைங்க வேணுமுங்க, இட்லிய உட்டுருங்க"ன்னேன். சந்தகை சொன்னேன், அது அரிசி மாவுல இடியாப்பமாட்டம் கையில பிழியறதுதான். ஒப்பிட்டு, கொள்ளு ரசம், பச்சப்பயிறு கடைஞ்சது எல்லாத்துக்கும் தலையாட்டுச்சு. எளனிப் பாயசத்துக்குத்தான் நான் ஒத்துக்கல. வைகாசி வெயில்ல ஐஸ் இல்லாம தேங்காப்பாலு பத்தரை மணிக்கே திரிஞ்சு போயிரும்.

"அப்ப பந்தியில மொதல்ல குடிக்க என்னண்ணா குடுக்கறது?"

நாந்தான் சொன்னேன். என்ற வாயாலதான் சொன்னேன். "கம்மங்கூழ் குடுக்கலாமுங்க. மொத நாளே காச்சிப் புளிக்க வெச்சா எந்த வெயிலுக்கும் நிக்கும். மோரு, சின்ன வெங்காயம், மோர்மொளகா."

அம்மிணி மூஞ்சி மலந்து போச்சு. "சூப்பர்ணா. அதத் தேங்காத் தொட்டியில ஊத்திக் குடுத்தரலாம். பாலீஷ் போட்ட கொட்டாங்குச்சியே கெடைக்குது."

ஆத்தா வேலைக்குப் போன காலத்துல அந்தத் தோட்டத்துல எங்க சனத்துக்கு டம்ளர்ல ஊத்த மாட்டாங்க. மாடு கட்டற கட்டுத்தாரைக் கூரையில ஆளுக்கொரு தேங்காத் தொட்டி சொருகியிருக்கும். அத எடுத்துட்டு வந்து வேலியோரம் நின்னு நீட்டோணும். கை படாம மேல இருந்து கூழ ஊத்துவாங்க. குடிச்சுப்போட்டு, கழுவித் திருப்பிச் சொருகோணும். ஆத்தாளோட தொட்டி எதுன்னு எனக்கு ஏழு வயசுலயே தெரியும். வெளிம்புல ஒரு சில்லு பேந்திருக்கும்.

"தொட்டி கீழ நிக்காதுங்க, உருளும்"னேன்.

"பனையோலையில வளையம் பண்ணி வெச்சுக்கலாம்ணா."

"நாரு வாடை அடிக்கும்."

"அதான் பாலீஷ் போட்டதாச்சே."

பண்ணாடியப் பாத்தேன். அந்தாளுக்குத் தெரியும். வாலிபத்துல ஊத்துன கை அது. மண் டம்ளரு வாங்கிக்கலாம் கண்ணுன்னு ஒரு வார்த்த சொல்லியிருந்தா முடிஞ்சு போயிருக்கும். குனிஞ்சு செருப்புல இருந்த மண்ணத் தட்டிட்டு இருந்தாரு.

நானாச்சும் சொல்லியிருக்கோணும். சொன்னா அம்மிணி தொட்டிய அப்பவே உட்டுரும், அது எனக்குத் தெரியும். ஆனா அப்பறம் என்ற மூஞ்சியப் பாக்கவே கூச்சப்பட்டு, பண்ணாடிக்கும் மானக்கேடாப் போயி, ஆத்தாளோட எடத்த நைசா இல்லாமப் பண்ணிருவாங்களோன்னு பயந்துட்டேன். கோழைப் பய நானு. ஆத்தா எலைக்கு மட்டும் ஒரு எவர்சில்வர் டம்ளர நானே வெச்சுப் போடலாம்னு முடிவு பண்ணிக்கிட்டேன்.

கல்யாணத்தன்னிக்கு ஆத்தா மாம்பழக் கலர் சேலையில வந்தா. அம்மிணி சொன்ன சொல்லக் காப்பாத்திருச்சு, மொதப் பந்தி, மொத வரிசை, மொத எலை. நான் அடுப்ப உட்டுப்போட்டு ஓடி, அவ வந்து உக்கார்றதுக்கு முன்னாலயே எலைக்குப் பக்கத்துல டம்ளர வெச்சுட்டு வந்தேன்.

கல்யாணத்த நடத்திக் குடுக்க எறணாகொளத்துல இருந்து வந்திருந்த புள்ள ஜிஸ்மி. கூடை நெறையத் தொட்டியோட ஆத்தா உக்காந்த முனையில இருந்து வெச்சுட்டு வர ஆரம்பிச்சுது. "ஸ்டீல் வேண்டா சேட்டா, போட்டோல மின்னும்"னு என்னையப் பாத்துச் சொல்லிட்டு, டம்ளர எடுத்துருச்சு. தொட்டிய வெச்சுது. நான் சந்தகை அண்டாவோட ஒரு பக்கத்தத் தூக்கிப் புடிச்சுட்டு நிக்கறேன். கைய எடுக்க முடியல.

ஆத்தா அந்தத் தொட்டியக் கொஞ்ச நேரம் பாத்தா. பக்கத்து எலைக்கு இன்னும் தொட்டி வரல. எடுத்துட்டு எந்திரிச்சா. பந்திய உட்டு வெளிய போயி, வேலியோரமாத் தல குனிஞ்சு நின்னா.

பண்ணாடிதான் அன்னிக்குக் கூழு ஊத்துனாரு, ஊட்டுக்காரர் கையால ஊத்தோணும்னு. பந்தியில ஒவ்வொருத்தரோட தொட்டியையும் ஒரு கையில புடிச்சுக் குனிஞ்சு ஊத்திட்டு வந்தாரு. வேலிகிட்ட ஆத்தா தொட்டிய நீட்டுனதும், செம்ப ஒரு முழம் மேல தூக்கிட்டாரு.

"இந்தா காளி, புடி."

ஒரு சொட்டுச் சிந்தல. நாப்பது வருசம் ஆச்சு, ரெண்டு பேரு கையும் மறக்கல.

போட்டோக்காரன் அத எடுத்துக்கிட்டான். மாலையோட நின்னுட்டு இருந்த அம்மிணி, ஆத்தாளப் பாத்துச் சிரிச்சுக் கையாட்டுச்சு.

அண்டாவ எறக்கிப்போட்டு நான் போறதுக்குள்ள ஆத்தா குடிச்சு முடிச்சு, வாய்க்காத் தண்ணியில தொட்டியக் கழுவிட்டா. கட்டுத்தாரை இருந்த பக்கம் திரும்பிப் பாத்தா. அங்க இப்பக் கார் ஷெட்டு.

"இத எங்கீடா சொருகறது?"ன்னா.

"எதுக்கு எந்திரிச்ச? உன்னைய உக்காந்து திங்கத்தான கூட்டீட்டு வந்தேன்"னு பல்லக் கடிச்சுட்டுக் கேட்டேன்.

"மொதல்ல டம்ளருதான் சாமி வெச்சிருந்தாங்க. அப்பறம் அந்தப் புள்ள வந்து அத எடுத்துட்டுத் தொட்டிய வெச்சுது. நான் ஆருன்னு ஆரோ சொல்லிப்போட்டாங்க போலன்னு எந்திரிச்சுட்டேன். நீ வேல செய்யற எடத்துல சண்டை எதுக்கு."

டம்ளர வெச்சது நாந்தான்னு சொல்ல எனக்கு வாய் வரல.

பந்தியப் பாத்தேன். அவ எடத்துல மாப்ள ஊட்டுக்காரர் ஒருத்தரு உக்காந்திருந்தாரு. எலையக் கூட மாத்தல. அவளுக்குப் பரிமாறுன ஒப்பிட்டப் பிட்டுத் தின்னுட்டு இருந்தாரு.

ஆத்தா அடுப்பங்கரைக்கு வந்து, நின்னுட்டே சாப்புட்டா. சந்தகை நல்ல பதமுன்னு ரெண்டு தடவ சொன்னா.