பத்து ஓதம்

1

உண்மையைச் சொல்லிவிடுகிறேன்: இந்தக் கதை அகராதியிலிருந்து திருடியது. வேறு ஏதோ சொல்லைத் தேடப் போனவன் 'ஓதம்' என்ற இடத்தில் சறுக்கி விழுந்தேன். கடல், அலை, கடல் பொங்கி ஏறுவது, வெள்ளம், ஈரம் என்று அடுக்கிக்கொண்டே போய், கடைசியில் ஆண்களுக்கு விரை வீங்கும் நோய் என்றும் போட்டிருந்தது. (அந்தப் பொருளிலும் ஒரு கதை எழுதலாம். வீட்டில் படிப்பார்கள் என்பதால் விட்டேன்.)

2

முதல் ஆரம்பம்: "1936ஆம் வருடம், கடல் சீறிப் பாய்ந்து கரையை…"

வேண்டாம். கதை நடப்பது கொல்லிமலையில். அங்கே சீறுவதற்குப் பாம்பு உண்டு, கடல் கிடையாது.

இரண்டாவது: "அத்தாயியின் கண்கள் கடலைப் போல…" அவளே கடலைப் பார்த்ததில்லை.

மூன்றாவது, வேறு வழியில்லாமல்:

கொல்லிமலைக் குண்டனி நாட்டு அத்தாயியின் புருஷன் சென்றாயன், நாகப்பட்டினத்தில் படகுக்கு மூட்டை ஏற்றப் போய் நான்கு வருடமாகத் திரும்பவில்லை. இப்போது ஒரு கடுதாசி வந்தது. "இங்கே கடல் கொந்தளிப்பாக* இருக்கிறது. இன்னும் பத்து ஓதம் ஏறி இறங்கியதும் புறப்பட்டு வருகிறேன்."

படித்துச் சொன்னவர் ஊர்ப்பெரியவர் அர்த்தனாரி. ஓதம் என்றால் தண்ணீர் பெருகுவது என்ற அளவில் அவருக்குத் தெரியும். மலையில் ஆறு பெருகுவது வருடத்துக்கு ஒரு தடவை, ஐப்பசியில். விரல் விட்டு எண்ணினார்.

"பத்து வருசமாகும் கண்ணு," என்றார்.

(* 'கொந்தளிப்பு' என்றால் களி கொதிப்பது என்று அவர் விளக்கினார். தப்பென்று நான் சொல்ல மாட்டேன்.)

3

இங்கே ஒரு வழக்கத்தைச் செருக வேண்டும். (நான் இட்டுக்கட்டியது. யாரும் சண்டைக்கு வராதீர்கள்.) திரும்பி வரப் புருஷன் சொன்ன கெடு மூன்று வருடத்துக்கு மேல் என்றால், ஊர்க்கூட்டம் அன்றைக்கே பெண்ணை விடுவித்துவிடும், அவள் வேறு வீடு போகலாம். கெடு அதற்குக் குறைவென்றால், புதிதாக மூன்று வருடம் காத்திருக்க வேண்டும்.

அத்தாயி போக நினைத்தது குழந்தைசாமி வீட்டுக்கு. இவனைப் பற்றி எனக்குச் சந்தேகம் இருக்கிறது. கதாநாயகனுக்கு ஆகிற எதுவும் அவனிடம் இல்லை. அவள் மிளகு பறிக்க மரமேறும்போது கீழே ஏணியைப் பிடித்துக்கொள்வான். மேலே பார்க்க மாட்டான். மூன்று பக்கம் அவனுக்குப் பேச்சு எழுதிப் பார்த்தேன். 'ம்' தவிர எதுவும் ஒட்டவில்லை. ஆனால் அவளுக்கு அவனைப் பிடித்திருக்கிறது. நான் யார் கேட்க?

4

கூட்டத்துக்கு முதல் நாள், மிளகு விற்கக் காளப்பநாயக்கன்பட்டி இறங்கினாள். அங்கே வியாபாரி பக்ருதீன் வருடா வருடம் நாகூர் போய் வருகிறவர். கடல் பார்த்த ஆள் என்று அவரைச் சாட்சிக்கு அழைத்திருந்தார்கள்.

"ஏனுங்க பாய், பத்து ஓதமுன்னா பத்து வருசந்தானுங்களே?"

பக்ருதீன் தராசைக் கீழே வைத்தார். "இல்லீங்க அம்மிணி. கடலு ஒரு நாளைக்கு ரெண்டு தடவை ஏறி எறங்கும். பத்துன்னா அஞ்சு நாளு."

கடுதாசியின் தேதியைப் பார்க்கச் சொன்னாள். எழுதி நாற்பது நாளாகியிருந்தது. ரயில், பஸ், நடை எல்லாம் சேர்த்தாலும் வந்து சேர மூன்று நாள் போதும்.

செத்துகித்துப் போனானோ என்று முதலில் பயந்தாள். பிறகு, இதுவும் அவனுடைய பழைய புளுகுதான் என்று கோபம் வந்தது. பத்து வருடம் என்றதும் உள்ளுக்குள் சந்தோஷப்பட்டோமே என்று அதற்கப்புறம் வெட்கப்பட்டாள். வெட்கம் வெகுநேரம் நிற்கவில்லை.

"நாளைக்குப் பத்து வருசமுன்னே சொல்லிப்போடுங்க பாய்."

"நான் பொய் சொல்றதில்லீங்களே அம்மிணி."

"தெரியுமுங்க. அதனாலதான் உங்க பேச்சை நம்புவாங்க."

5

முடிவு அ: பக்ருதீன் உண்மையைச் சொல்கிறார். வராத ஒருவனுக்காக அத்தாயி இன்னும் மூன்று வருடம்…

முடிவு ஆ: பொய் சொல்கிறார். தாலி கழற்றியாகிறது. அடுத்த வாரம் சென்றாயன், காய்ச்சலில் கிடந்து எழுந்தவன், தட்டுத் தடுமாறி மலையேறி…

முடிவு இ: கூட்டத்தின் நடுவில் அவன் மூச்சிரைக்க ஓடிவந்து… சீ. இதற்கு நீங்கள் நாடகக் கொட்டகைக்கே போயிருக்கலாம்.

மூன்றையும் அடித்துவிட்டேன். கூட்டம் கூடிவிட்டது. பக்ருதீன் எழுந்து தொண்டையைச் செருமினார். நல்ல மனிதரைப் பாவத்தில் தள்ள எனக்கு மனம் வரவில்லை; உட்காரச் சொல்லிவிட்டேன். நான் சொல்லலாம்தான், தைரியமில்லை. நீங்கள் கடலைப் பார்த்திருப்பீர்கள். எழுந்து முன்னால் வாருங்கள்.

அர்த்தனாரி உங்களைத்தான் கேட்கிறார்: "ஏனுங்க, கடலு வருசத்துக்கு எத்தனை தடவைங்க ஏறும்?"

குழந்தைசாமி தரையைப் பார்க்கிறான். அத்தாயி உங்கள் வாயையே பார்த்துக்கொண்டு நிற்கிறாள்.